ஜெர்மனியில் குழந்தைகள் படத்தில் நடிக்கத் தொடங்குவது எப்படி?

பிள்ளையை ஜெர்மானியக் குழந்தைகள் படமொன்றில் நடிக்க வைக்க விரும்பும் பெற்றோர், நடிப்புப் பயிற்சியைத் தேடுவதற்கு முன்பே அந்நாட்டின் இளையோர் தொழில் பாதுகாப்புச் சட்டத்தின் 6ஆம் பிரிவைப் படித்துவிடுவது நல்லது. 15 வயது நிறையாதவரை வேலைக்கு அமர்த்தப் பொதுவாகத் தடை இருக்க, தொழில் கண்காணிப்பு அதிகாரிகளின் அனுமதி பெற்றால் படப்பிடிப்புக்கு அப்பிரிவு விலக்கு அளிக்கிறது. 3 வயதுக்கு மேல் 6 வரையுள்ள குழந்தை காலை 8 முதல் மாலை 5 மணிக்குள் 2 மணி நேரமும், 6 வயதைக் கடந்த குழந்தை காலை 8 முதல் இரவு 10 மணிக்குள் 3 மணி நேரமும் மட்டுமே நாளொன்றுக்கு நடிக்கலாம். வேலை முடிந்தபின் குறைந்தது 14 மணி நேரம் இடையறாத ஓய்வு தர வேண்டும்.

இந்த அனுமதிக்கு விண்ணப்பிக்க வேண்டியது தயாரிப்பு நிறுவனம். பெற்றோர் தர வேண்டியவை எழுத்துமூலமான சம்மதமும், மூன்று மாதத்துக்கு உட்பட்ட மருத்துவச் சான்றும். படிப்பு பாதிக்கப்படாது என்பதும் உறுதியாக வேண்டும். இளையோர் நல அலுவலகத்தின் கருத்தைக் கேட்ட பிறகே அனுமதி கிடைக்கும். கையில் அனுமதி வராமல் படப்பிடிப்புத் தளத்துக்குப் பிள்ளையை அனுப்பாதீர்கள்.

நாளொன்றுக்கு 3 மணி நேரம் என்ற இந்த வரம்புதான் குழந்தை நடிகரின் வேலை முறையையே தீர்மானிக்கிறது. விளக்குகளைச் சரிசெய்யும்போது பிள்ளையின் உயரமே உள்ள வேறொருவரை நிற்க வைப்பார்கள். பிள்ளையின் முகத்தை நெருக்கத்தில் காட்டும் காட்சிகளை முதலில் முடித்து, பிள்ளையை அனுப்பிவிட்டு, எதிரே நடிக்கும் பெரியவரின் முகத்தைப் பிறகு எடுப்பார்கள். ஆகவே நீண்ட வசனத்தை ஒப்பிக்கும் திறமையைவிட, சொன்னதை உடனே புரிந்துகொண்டு ஓரிரு முறையில் செய்துகாட்டும் இயல்பே அங்கு மதிக்கப்படுகிறது.

நடிகர் தேர்வுக்கான காணொளியை வீட்டிலேயே எடுக்கலாம். கைபேசியைக் கிடைமட்டமாகக் கண்மட்டத்தில் பொருத்தி, சன்னல் வெளிச்சம் முகத்தில் விழுமாறு பிள்ளையை நிறுத்துங்கள். மறுபக்க வசனத்தை வாசிப்பவர் கேமராவை ஒட்டி நின்று தணிந்த குரலில் வாசிக்க வேண்டும். எந்தச் சொல்லை எப்படி இழுக்க வேண்டும் என்று நீங்கள் சொல்லிக்கொடுத்தால், பிள்ளையின் வாயில் உங்கள் குரல்தான் கேட்கும். தேர்வாளர்கள் அதை எளிதில் கண்டுகொள்வார்கள்.

வளரிளம் பருவத்தில் வாய்ப்புகள் குறைவது இயல்பே. வெளிநாட்டுப் படங்கள் பெரும்பாலும் ஜெர்மன் மொழியில் குரல் மாற்றப்பட்டே திரையிடப்படுவதால், பெர்லினிலும் மியூனிக்கிலும் உள்ள ஒலிப்பதிவுக் கூடங்களில் குரல் நடிப்பைக் கற்பது அந்த இடைவெளியை நன்கு நிரப்பும். நடிப்பையே தொழிலாகக் கொள்ள எண்ணினால், பெர்லினின் எர்ன்ஸ்ட் புஷ் நடிப்புக் கல்லூரி, மியூனிக்கின் ஓட்டோ பால்கன்பெர்க் பள்ளி போன்றவற்றின் நுழைவுத் தேர்வுக்கு முன்கூட்டியே தயாராக வேண்டும்; பயிற்சி முடித்த நடிகர்களுக்கு, கூட்டாட்சி வேலைவாய்ப்பு நிறுவனத்தின் கலைஞர் பிரிவு கட்டணமின்றி வாய்ப்புத் தேடித் தருகிறது.