வீட்டுக் கடன்: இஎம்ஐக்குப் பின்னால் இருக்கும் முழுக் கணக்கை நாமே போட்டுப் பார்ப்போம்

பாதிரிக்குப்பத்தில் அக்கா வீட்டுக் கிரகப்பிரவேசம். பந்தி முடிந்து மொட்டை மாடியில் காற்று வாங்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது, "எவ்வளவு லோன் மாமா?" என்று கேட்டேன். "மாசம் 26 தான் மாப்ள, சமாளிச்சிடலாம்" என்றார். நான் கேட்டது கடன் எவ்வளவு என்று, அவர் சொன்னது தவணை எவ்வளவு என்று. கடலூரிலும் புதுச்சேரியிலும் வீடு கட்டுகிற எல்லோரும் இப்படித்தான் பதில் சொல்கிறார்கள். அன்றைக்கு மொய் எழுதின நோட்டின் கடைசிப் பக்கத்தில் மாமாவுக்குப் போட்டுக் காட்டிய கணக்கைத்தான் இங்கே எழுதுகிறேன். பெருக்கவும் வகுக்கவும் தெரிந்தால் போதும், செல்போனில் இருக்கும் கால்குலேட்டரே தாராளம்.

படி 1: மூன்று எண்களை எடுத்து வையுங்கள்

இன்றைய அசல் பாக்கி, இன்றைய வட்டி விகிதம், மீதி மாதங்கள். மூன்றும் உங்கள் லோன் ஸ்டேட்மெண்டில் இருக்கும். கடன் வாங்கிய நாளில் கொடுத்த அனுமதிக் கடிதத்தைப் பார்க்காதீர்கள், வட்டியும் மாதமும் அதற்குள் மாறியிருக்கும். இனிமேல்தான் வாங்கப்போகிறீர்கள் என்றால் வங்கியிடம் முக்கிய விவர அறிக்கை கேளுங்கள். 2024 அக்டோபர் 1 முதல் எல்லா சில்லறைக் கடனுக்கும் அதைக் கொடுத்தே ஆக வேண்டும். வட்டியோடு மற்ற கட்டணங்களையும் சேர்த்த ஆண்டுச் செலவு விகிதம் அதில் ஒரே எண்ணாக இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட அந்த எண்தான் சரி, விளம்பரத்தில் போடும் வட்டி அல்ல.

படி 2: 1200-ஆல் வகுக்கக் கற்றுக்கொள்ளுங்கள்

அசல் பாக்கியை வட்டி விகிதத்தால் பெருக்கி 1200-ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி வந்துவிடும். மாமா கணக்கு 30 லட்சம், 8.5 சதவீதம், 20 ஆண்டு. 30,00,000 × 8.5 ÷ 1200 = 21,250. (நம் ஊர் வழக்கில் சொன்னால் நூற்றுக்கு 71 பைசா வட்டி. கேட்க ரொம்பக் குறைச்சலாகத்தான் இருக்கும்.) இஎம்ஐ 26,035. ஆக முதல் மாதம் கட்டும் 26,035-இல் 21,250 வட்டிக்குப் போய்விட்டது, அசலில் கழிந்தது வெறும் 4,785. அடுத்த மாதம் பாக்கி 4,785 குறைந்திருப்பதால் வட்டி சுமார் 34 ரூபாய் குறையும், அந்த 34 ரூபாய் அசல் பக்கம் சேரும். இப்படி ஆமை வேகத்தில் நகர்ந்துதான் கடன் அடைகிறது.

இதை அப்படியே ஓட்டிப் பார்த்தால் வருவது: முதல் ஆண்டில் 3.12 லட்சம் கட்டுகிறீர்கள், அசல் குறைவது 60 ஆயிரத்துக்கும் சற்றுக் குறைவு. 10 ஆண்டு ஒரு மாதம்கூடத் தவறாமல் 31.24 லட்சம் கட்டிய பிறகும் பாக்கி ஏறக்குறைய 21 லட்சம் நிற்கும். பாதிக் கடன், அதாவது 15 லட்சம், அடைய 13 ஆண்டு 10 மாதம் ஆகும். மாமா இந்த இடத்தில்தான் நோட்டை என் கையிலிருந்து வாங்கித் தானே ஒரு தடவை போட்டுப் பார்த்தார்.

இது வங்கி செய்யும் சூது இல்லை. பாக்கி பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிதாக இருக்கும், அவ்வளவுதான். ஆனால் இது தெரியாமல் இருந்தால் ஏழாவது எட்டாவது ஆண்டில் வீட்டை விற்கவோ கடனை முடிக்கவோ போகும்போது பாக்கித் தொகையைப் பார்த்து நெஞ்சு அடைத்துவிடும்.

படி 3: மொத்தத்தைப் பெருக்குங்கள்

இஎம்ஐயை மாதங்களால் பெருக்குங்கள். 26,035 × 240 என்றால் சுமார் 62.48 லட்சம். 30 லட்சம் கடனுக்கு 32.48 லட்சம் வட்டி.

இப்போது ஆண்டுகளை மாற்றிப் பாருங்கள். 8.5 சதவீதத்தில் ஒரு லட்சத்துக்கு மாதத் தவணை 10 ஆண்டுக்கு 1,240, 15 ஆண்டுக்கு 985, 20 ஆண்டுக்கு 868, 25 ஆண்டுக்கு 805, 30 ஆண்டுக்கு 769. உங்கள் கடன் எத்தனை லட்சமோ அதால் பெருக்கிக்கொள்ளலாம். 20-ஐ 30 ஆண்டாக நீட்டினால் லட்சத்துக்கு 99 ரூபாய்தான் குறைகிறது. 30 லட்சத்துக்கு மாதம் 3,000 ரூபாய்க்குள்தான் மிச்சம், அதற்கு விலையாக 10 ஆண்டு கூடுதலாகக் கட்டி, வட்டி 53 லட்சத்தைத் தொடுகிறது. மறுபக்கம் 15 ஆண்டாகச் சுருக்கினால் இஎம்ஐ 29,542, அதாவது 3,500 ரூபாய் கூடுதல், வட்டியில் 9 லட்சத்துக்கு மேல் மிச்சம். "இஎம்ஐயைக் குறைச்சுத் தர்றோம் சார்" என்று யாராவது சொன்னால் மொத்தம் எத்தனை மாதம் கட்ட வேண்டும் என்று உடனே கேட்டுவிடுங்கள்.

நியாயமாக இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 20 ஆண்டு கழித்துக் கட்டும் 26,035 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுவதாக வைத்தால் அது இன்றைய 9,800 ரூபாய்க்குச் சமம். அதனால் 62 லட்சத்தைப் பார்த்து மிரண்டு வீடே வேண்டாம் என்று முடிவெடுக்கத் தேவையில்லை. வீட்டு வாடகையும் ஏறிக்கொண்டுதான் இருக்கும். தெரிந்துகொண்டு வாங்குங்கள் என்பதுதான் நான் சொல்வது.

படி 4: வட்டி மாறும்போது எந்த எண் மாறுகிறது என்று பாருங்கள்

இதைக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன், ஏனென்றால் நானே இதில் மாட்டினேன்.

2019 அக்டோபர் முதல் வங்கிகள் கொடுக்கும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு கட்டப்பட்டிருக்கின்றன, பெரும்பாலும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்குக் கொடுக்கும் கடனுக்கு ரிசர்வ் வங்கி வாங்கும் வட்டி. 2021 ஜூனில் நான் 18 லட்சம் வாங்கினேன், 7 சதவீதம், 20 ஆண்டு, இஎம்ஐ 13,955. 2022 மே மாதம் 4 சதவீதத்திலிருந்து ஏறத் தொடங்கிய ரெப்போ 2023 பிப்ரவரியில் 6.5 ஆனது. என் வட்டியும் கூடவே ஏறி 9.5-இல் நின்றது. கணக்கிலிருந்து மாதாமாதம் அதே 13,955 தான் போய்க்கொண்டிருந்தது, அதனால் நான் எதையும் கவனிக்கவில்லை. மார்ச்சில் வருமான வரிக்காக ஸ்டேட்மெண்ட் எடுத்தபோதுதான் அந்த மாதக் கணக்கைப் பார்த்தேன்: வட்டி 13,775, அசல் 180. ஒரு மாத உழைப்பில் பதினான்காயிரம் கட்டி, கடனில் கழிந்தது 180 ரூபாய். வீட்டுக்கு வந்து போட்டுப் பார்த்தேன், அப்படியே விட்டிருந்தால் கடன் முடிய இன்னும் 46 ஆண்டு ஆகியிருக்கும்.

மறுநாள் கிளைக்குப் போய், "மாதத்தை நீட்ட வேண்டாம், இஎம்ஐயை ஏற்றுங்கள்" என்று எழுதிக் கொடுத்தேன். 16,755 ஆனது. அந்த 2,800 ரூபாய்க்காக வீட்டில் சில செலவுகளைக் குறைக்கத்தான் வேண்டியிருந்தது, ஆனால் பழைய முடிவுத் தேதி திரும்பக் கிடைத்தது.

மாமா கணக்கிலும் இதைப் போட்டுப் பார்த்தேன். 8.5 என்பது 9.5 ஆகி, இஎம்ஐ அப்படியே இருந்தால் 240 மாதம் 309 மாதமாகிறது. ஒரே ஒரு சதவீதத்துக்குக் கிட்டத்தட்ட 6 ஆண்டு.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு விதி கொண்டுவந்தது. வட்டி ஏறும்போது இஎம்ஐயை ஏற்றுவதா, மாதத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்று கேட்டுத் தேர்வு செய்யும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குக் கொடுக்க வேண்டும். ஆனாலும் வரும் குறுஞ்செய்தியைப் படித்துப் பதில் சொல்ல வேண்டியது நாம்தான். 2025-இல் ரெப்போ இறங்கியபோது, ஜூனில் 5.5-க்கு வந்தது, பலருக்கு இஎம்ஐ குறையாமல் மாதம் குறைந்தது. அது நல்லது, அப்படியே விட்டுவிடுங்கள். 2019-க்கு முந்தைய கடன் வைத்திருப்பவர்கள் ரெப்போ முறைக்கு மாறக் கிளையில் கேளுங்கள், மாற்றுக் கட்டணத்தையும் மிச்சமாகும் வட்டியையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.

படி 5: இஎம்ஐயில் தெரியாத செலவுகளைச் சேருங்கள்

முதலில் பத்திரச் செலவு. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 40 லட்சம் வீட்டுக்கு 3.6 லட்சம், இது பெரும்பாலும் நம் கைக்காசு. முள்ளோடையைத் தாண்டி கன்னியக்கோவில், பாகூர் பக்கம் வாங்குகிறவர்களுக்குப் புதுச்சேரி விதி, கட்டணம் வேறு. கடலூர்க்காரர் சொன்ன கணக்கை நம்பாமல் அங்குள்ள சார்பதிவாளர் அலுவலகத்திலேயே கேளுங்கள்.

கட்டுமானக் கடன் என்றால் பேஸ்மெண்ட், லிண்டல், ரூஃப் என்று கட்டம் கட்டமாகத்தான் பணம் விடுவார்கள். அதுவரை விட்ட தொகைக்கு வட்டி மட்டும் கட்டுவீர்கள், அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது. 20 லட்சம் விட்டிருந்தால் மாதம் 14,167. ஐப்பசி கார்த்திகை மழையில் நம் பக்கம் வேலை நிற்பது வழக்கம், 6 மாதம் தள்ளிப்போனால் 85,000 ரூபாய் போய்விடும், கூடவே குடியிருக்கும் வீட்டு வாடகையும். அதனால் சென்ட்ரிங் வேலையைப் புரட்டாசிக்குள் முடிக்கும்படி கொத்தனாரிடம் பேசிவையுங்கள்.

அப்புறம் காப்பீடு. கடனோடு ஆயுள் காப்பீடு ஒன்றைச் சேர்த்து, 90,000 ரூபாய் பிரீமியத்தையும் கடனிலேயே ஏற்றிவிடுவது சாதாரணமாக நடக்கிறது. அந்த 90,000-க்கும் 20 ஆண்டு வட்டி ஓடும், கடைசியில் 1.87 லட்சம் கட்டியிருப்பீர்கள். வீட்டில் சம்பாதிப்பவருக்குக் காப்பீடு அவசியம், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் அவர்கள் நீட்டும் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று கட்டாயம் கிடையாது, தனியாக ஒரு டெர்ம் பாலிசி விலை கேட்டுப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள். வீட்டுக்கான காப்பீடு வேறு. 2011-இல் ‘தானே’ புயல், 2024-இல் ‘ஃபெஞ்சல்’ புயல் என்று பார்த்த ஊர் நம்முடையது. புயலும் வெள்ளமும் அடங்கிய வீட்டுக் காப்பீட்டைத் தயவுசெய்து விடாதீர்கள்.

வரிச் சலுகையைப் பற்றிச் சுருக்கமாக: நாமே குடியிருக்கும் வீட்டுக்கு வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு பழைய வரி முறையில் மட்டும்தான். புதிய முறையில் இருந்தால் அந்தக் கழிவு இல்லை. "டாக்ஸ் மிச்சம்" என்று சொல்லிக் கடன் வாங்கச் சொல்கிறவரிடம் எந்த முறை என்று முதலில் கேளுங்கள்.

படி 6: முன்கூட்டிக் கட்டினால் என்ன ஆகும் என்று போட்டுப் பாருங்கள்

மாமா முகத்தில் தெளிவு வந்தது இந்தக் கணக்கில்தான். இரண்டாம் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால் கடைசியில் 16 தவணைக்கு மேல் குறைகிறது, அதாவது 4.3 லட்சம் கட்ட வேண்டியதில்லை. அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் 6 தவணைகூட முழுதாகக் குறையாது. போனஸோ, சீட்டுப் பணமோ, முந்திரித் தோப்புக் குத்தகையோ, எது வந்தாலும் முதல் ஐந்தாறு ஆண்டுகளில் போடுவதற்குத்தான் பலன் அதிகம். ஆண்டுக்கு ஒரே ஒரு இஎம்ஐ கூடுதலாகக் கட்டி வந்தாலே 20 ஆண்டுக் கடன் 17 ஆண்டுக்குள் முடிந்து, வட்டியில் சுமார் 6 லட்சம் மிச்சமாகும்.

தனிநபருக்கான மாறும் வட்டி வீட்டுக் கடனில் இப்படி முன்கூட்டிக் கட்ட அபராதம் கிடையாது. கட்டும்போது "இஎம்ஐ அப்படியே இருக்கட்டும், மாதத்தைக் குறையுங்கள்" என்று எழுத்தில் கொடுங்கள், அடுத்த ஸ்டேட்மெண்டில் மீதி மாதம் குறைந்திருக்கிறதா என்று பாருங்கள். ஒரு எச்சரிக்கை: கையிருப்பைத் துடைத்து எடுத்துக் கட்டாதீர்கள், ஆறு மாதச் செலவுக்கான பணம் தனியாக இருக்க வேண்டும். நகைக் கடனோ கந்து வட்டியோ இருந்தால் முதலில் அதை முடியுங்கள், அந்த வட்டி இதைவிட அதிகம்.

படி 7: கடைசித் தவணைக்கு அப்புறம்

கடன் முடிந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், வங்கி தரப்பில் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் 1 முதல் ரிசர்வ் வங்கி விதி. பத்திரம் கைக்கு வந்ததோடு நின்றுவிடாமல், கடன் வாங்கும்போது சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்த அடமானத்துக்கு, கடன் தீர்ந்தது என்று ரசீது ஆவணம் போட்டு நீக்க வேண்டும். அதன் பிறகு ஒரு வில்லங்கச் சான்று எடுத்து அந்த அடமானத்துக்கு எதிராக ரசீதுப் பதிவும் ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிட்டு, பத்திரத்தோடு சேர்த்து பீரோவில் வையுங்கள்.