இஎம்ஐயை மட்டும் பார்த்து வீட்டுக் கடன் வாங்காதீர்கள்: முழுச் செலவையும் நீங்களே கணக்குப் போடுவது எப்படி?

எந்த வங்கியின் தளத்துக்குப் போனாலும் இஎம்ஐ கால்குலேட்டர் இருக்கும். கடன் தொகை, வட்டி, வருடம் மூன்றையும் போட்டால் மாதத் தவணை கொட்டை எழுத்தில் வரும், மொத்த வட்டி எங்கோ ஓரத்தில் பொடி எழுத்தில் வரும். நாமும் கொட்டை எழுத்தைப் பார்த்து "மாசம் 35 ஆயிரம்தானே, சமாளிச்சிடலாம்" என்று முடிவுக்கு வந்துவிடுகிறோம். அந்தப் பொடி எழுத்தை எப்படிக் கணக்கிடுகிறார்கள், அது ஏன் பாதி வழியில் மாறுகிறது, அதை எப்படிக் குறைக்கலாம் என்பதைத்தான் இங்கே பார்க்கப் போகிறோம். பெரிய கணக்கு ஞானமெல்லாம் வேண்டாம், பெருக்கல் வகுத்தல் தெரிந்தால் போதும்.

உதாரணத்துக்குச் சென்னைப் புறநகரில் கைமாறும் பழைய ஃப்ளாட் ஒன்றை எடுத்துக்கொள்வோம். விலை 50 லட்சம், கடன் 40 லட்சம், வட்டி 8.5 சதவீதம், காலம் 20 வருடம். உங்கள் எண்கள் வேறாக இருக்கும். முறை இதேதான்.

படி 1: கடனுக்கு வெளியே போகும் பணத்தை முதலில் எழுதுங்கள்

ரிசர்வ் வங்கி விதிப்படி 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான வீட்டுக் கடனுக்கு, வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் உச்சவரம்பு. ஆக 10 லட்சம் கையிலிருந்து போக வேண்டும். பத்திரச் செலவு இந்த மதிப்பில் சேராது, அதுவும் உங்கள் கைப்பணம்தான். தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம், ஆக 9 சதவீதம். 50 லட்சத்துக்குப் பதிந்தால் 4.5 லட்சம்.

அப்புறம் வங்கியின் செயலாக்கக் கட்டணம். அரை சதவீதம் என்று வைத்தால் 20,000, அதன்மேல் 18 சதவீதம் ஜிஎஸ்டி. வக்கீல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம், அடமானத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்ஓடி என்று பதிவதற்கான செலவு எல்லாம் தனித்தனியே வரும். "10 லட்சம் இருக்கு, வீடு வாங்கிடலாம்" என்று கிளம்புகிறவர், கடைசி வாரத்தில் நகையை அடகு வைத்துவிட்டு ரிஜிஸ்டர் ஆபீஸ் வாசலில் நிற்பது இந்த வரிகளை எழுதிப் பார்க்காததால்தான்.

இன்னொன்று, கடனோடு சேர்த்துத் தலையில் கட்டப்படும் காப்பீடு. "பிரீமியம் 1 லட்சம், கடன்லயே சேர்த்துடுறோம் சார், மாசம் 868 ரூபாய்தான் கூடும்" என்பார்கள். 868 ரூபாயை 240 மாதம் கட்டினால் 2.08 லட்சம். இந்தக் காப்பீட்டைக் கடனுக்கு நிபந்தனையாக்கும் சட்டம் எதுவும் கிடையாது. குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேண்டும்தான், ஆனால் அதைத் தனியாக ஒரு டேர்ம் பாலிசியாக எடுத்துக்கொள்ளுங்கள். வங்கியை மாற்றினாலும் அது உங்களோடு வரும்.

படி 2: முதல் மூன்று மாதத்தைக் கையால் போட்டுப் பாருங்கள்

நம் உதாரணத்துக்கு இஎம்ஐ 34,713 ரூபாய். இதில் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு? பாக்கி இருக்கும் அசலை 8.5 சதவீதத்தால் பெருக்கி 12 ஆல் வகுங்கள். அது அந்த மாத வட்டி. இஎம்ஐயில் வட்டி போக மிச்சம் இருப்பதுதான் அசலுக்குப் போகும்.

முதல் மாதம்: பாக்கி 40,00,000. வட்டி 28,333. அசலுக்கு 6,380.
இரண்டாம் மாதம்: பாக்கி 39,93,620. வட்டி 28,288. அசலுக்கு 6,425.
மூன்றாம் மாதம்: பாக்கி 39,87,195. வட்டி 28,243. அசலுக்கு 6,470.

மாதா மாதம் அசலுக்குப் போவது 45 ரூபாய்தான் கூடுகிறது பாருங்கள். இதே மூன்று வரியை எக்செல்லிலோ கூகுள் ஷீட்டிலோ போட்டு 240 வரிக்குக் கீழே இழுத்துவிடுங்கள். பத்து நிமிட வேலை. அந்த அட்டவணையில் மூன்று இடங்களை மட்டும் மஞ்சள் அடித்து வைக்கச் சொல்வேன்.

முதலாவது 60ஆவது மாதம். ஐந்து வருடத்தில் கிட்டத்தட்ட 20.83 லட்சம் கட்டியிருப்பீர்கள், பாக்கி இன்னும் 35.25 லட்சம் இருக்கும். அசலில் 4.75 லட்சம்தான் இறங்கியிருக்கிறது. ஐந்தாம் வருடம் வீட்டை விற்கப் போனவர் "இவ்வளவு கட்டியும் இவ்வளவு பாக்கியா, பேங்க் ஏமாத்திட்டான்" என்று கொதிப்பார். யாரும் ஏமாற்றவில்லை, கணக்கே அப்படித்தான் ஓடுகிறது. இரண்டாவது, வட்டியைவிட அசலுக்கு அதிகமாகப் போகத் தொடங்கும் மாதம். அது 12ஆவது வருடத்தின் கடைசியில்தான் வருகிறது. மூன்றாவது, பாக்கி பாதியாகும் மாதம்: 20 வருடக் கடனில் அதற்கு ஏறக்குறைய 13 வருடம் 10 மாதம் ஆகிறது.

கடைசி வரிக்குப் போனால் மொத்தம் கட்டியது 83.31 லட்சம், அதில் வட்டி 43.31 லட்சம். முன்பணம் 10 லட்சம், பத்திரச் செலவு 4.5 லட்சம், மாதம் 3,000 ரூபாய் அபார்ட்மெண்ட் மெயின்டனன்ஸ் என்றால் 20 வருடத்துக்கு 7.2 லட்சம். 50 லட்சம் ஃப்ளாட் 1 கோடியே 5 லட்சத்தில் வந்து நிற்கிறது. சொத்து வரி, பெயின்ட், லிஃப்ட் ரிப்பேர் எதையும் நான் சேர்க்கவில்லை.

படி 3: வருடத்தை மாற்றி மாற்றிப் போடுங்கள்

அதே 40 லட்சம், அதே 8.5 சதவீதம்:

15 வருடம்: இஎம்ஐ 39,390. மொத்த வட்டி 30.9 லட்சம்.
20 வருடம்: இஎம்ஐ 34,713. மொத்த வட்டி 43.3 லட்சம்.
30 வருடம்: இஎம்ஐ 30,757. மொத்த வட்டி 70.7 லட்சம்.

20 வருடத்திலிருந்து 30க்குப் போனால் மாதம் மிச்சமாவது 3,956 ரூபாய். அதற்காகக் கூடுதலாகக் கொடுக்கும் வட்டி 27 லட்சத்துக்கும் மேல். 30 வருடக் கடன் வாங்கத்தான் வேண்டும் என்ற நிலை வந்தால், அந்த வீடு இப்போதைக்கு நம் சக்திக்கு மேல் என்று எடுத்துக்கொள்வதுதான் நல்லது. இது என் அபிப்பிராயம், ஒத்துக்கொள்ளாதவர்கள் இருப்பார்கள்.

அவர்கள் சொல்வதிலும் ஒரு நியாயம் இருக்கிறது. 2045இல் கட்டும் 34,713 ரூபாய்க்கு இன்றைய 34,713 ரூபாயின் மதிப்பு இருக்காது; சம்பளம் ஏறும், தவணை அப்படியே நிற்கும். விலைவாசி வருடத்துக்கு 6 சதவீதம் ஏறுகிறது என்று வைத்துக் கணக்கிட்டால், 240 தவணைகளின் இன்றைய மதிப்பு 48.5 லட்சம் சுமார்தான் வருகிறது. ஆகவே 43 லட்சம் வட்டி என்று பார்த்துப் பயந்து ஓடவும் வேண்டாம். ஆனால் இந்தச் சமாதானம் சம்பளம் ஒழுங்காக ஏறுகிறவர்களுக்குத்தான். தனியார் வேலையில் 45 வயதுக்குப் பிறகு என்ன ஆகும் என்று யாரும் எழுதித் தருவதில்லை.

படி 4: வட்டி ஏறினால் என்ன ஆகும் என்று இப்போதே பாருங்கள்

ஆரம்பத்தில் இருக்கிறவர்கள் அதிகம் கோட்டை விடும் இடம் இது. நம் ஊரில் வீட்டுக் கடன் பெரும்பாலும் மிதக்கும் வட்டிதான், அதாவது கடன் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஏறி இறங்கும் வட்டி. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மிதக்கும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ விகிதம் (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி) போன்ற ஒரு வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருக்க வேண்டும் என்பது விதி. ரெப்போ 2020 மே மாதம் 4 சதவீதத்துக்கு இறங்கியது. 2022 மே மாதம் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தில் நின்றது. ஒரு வருடத்துக்குள் 2.5 சதவீதம்.

இதை ஒரு கடனில் வைத்துப் பாருங்கள். 6.75 சதவீதத்தில் 40 லட்சம், 20 வருடம், இஎம்ஐ 30,415. ஒன்றரை வருடம் கட்டி 38.5 லட்சம் பாக்கி இருக்கும்போது வட்டி 9.25 ஆகிறது என்று வைத்துக்கொள்வோம். அந்த மாத வட்டி மட்டும் 29,677 ரூபாய். இஎம்ஐயை மாற்றாமல் விட்டால் அசலுக்குப் போவது 738 ரூபாய். இந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் 40 வருடம் ஆகும்!

அந்தச் சமயத்தில் பலருக்கு இஎம்ஐ மாறவே இல்லை, அதனால் ஒன்றும் நடக்கவில்லை என்று நினைத்துக்கொண்டிருந்தார்கள். தவணைகளின் எண்ணிக்கைதான் சத்தமில்லாமல் நீண்டுகொண்டிருந்தது. இதற்காகவே 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை போட்டது. அதன்படி வட்டி மாறும்போது இஎம்ஐயை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமாகச் செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பை வங்கி உங்களுக்குத் தர வேண்டும். ஒவ்வொரு காலாண்டுக்கும் ஒரு அறிக்கையும் தர வேண்டும். இதுவரை போன அசல், வட்டி, இஎம்ஐ தொகை, மீதித் தவணைகள், வட்டி விகிதம் எல்லாம் அதில் இருக்கும். அந்தக் காகிதத்தில் மற்றதைப் பார்க்காவிட்டாலும் பரவாயில்லை, "மீதித் தவணைகள்" என்ற எண்ணை உங்கள் அட்டவணையோடு ஒப்பிட்டுவிடுங்கள். முடிந்தால் இஎம்ஐயை ஏற்றச் சொல்லி எழுதிக் கொடுங்கள். 2025 பிப்ரவரியில் தொடங்கியதுபோல ரெப்போ இறங்கும்போது, இஎம்ஐயைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கச் சொல்லுங்கள்.

ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் சதவீதத்தையும் விசாரியுங்கள். புதிதாக வருகிறவருக்குக் குறைவாகவும் பழைய ஆளுக்கு அதிகமாகவும் இருப்பது சகஜம். 8.5 எட்டாக இறங்கினால் நம் உதாரணத்தில் முழுக் காலத்துக்கும் 3 லட்சம் மிச்சம். அப்படிக் குறைத்துத் தர உங்கள் வங்கி ஒரு மாற்றுக் கட்டணம் கேட்டாலும் பெரும்பாலும் லாபம்தான். வேறு வங்கிக்கு மாற்றுவதானால் செயலாக்கக் கட்டணம், எம்ஓடி எல்லாம் மறுபடி வரும். புது வங்கி மறுபடி 20 வருடம் என்று ஆரம்பிக்கப் பார்க்கும். மீதமிருக்கும் மாதத்துக்கு மேல் ஒரு மாதம்கூட எழுதவிடாதீர்கள்.

படி 5: முன்கூட்டிக் கட்டுவதைக் கணக்கில் போடுங்கள்

தனிநபர் பெயரில் இருக்கும் மிதக்கும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது. நிலையான வட்டியில் இருக்கலாம், கேட்டுக்கொள்ளுங்கள்.

நம் அட்டவணையில் 24ஆவது மாதத்துக்குப் பிறகு 2 லட்சத்தை அசலில் கழித்துப் பாருங்கள், இஎம்ஐ மாறக்கூடாது. கடைசியிலிருந்து 24 தவணைகள் காணாமல் போகும். 2 லட்சம் கட்டி 6.4 லட்சம் வட்டி மிச்சம். இதே 2 லட்சத்தை 15ஆவது வருடத்தில் கழித்துப் பாருங்கள், மிச்சம் எவ்வளவு சுருங்குகிறது என்று தெரியும். மொத்தமாகப் பணம் வராதவர்கள் முதல் மாதத்திலிருந்தே 5,000 ரூபாய் கூடுதலாகக் கட்டினால் கடன் 15 வருடத்துக்குள் முடிந்துவிடும், 13 லட்சம் சுமார் மிச்சம்.

ஆனால் ஆறு மாத இஎம்ஐயைக் கையில் வைத்துக்கொண்டு செய்யுங்கள். கிரெடிட் கார்டு பாக்கி இருந்தால் முதலில் அதை முடியுங்கள். வீட்டுக் கடனைவிடப் பல மடங்கு வட்டி அங்கே ஓடிக்கொண்டிருக்கும்.

"வரிச் சலுகை போயிடுமே, ஏன் முன்னாடி கட்டணும்" என்று ஆபீஸில் ஒருவர் கண்டிப்பாகக் கேட்பார். பழைய வரி முறையில், சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கு வருடம் 2 லட்சம் வரைதான் வட்டியைக் கழிக்கலாம். நம் உதாரணத்தில் முதல் வருட வட்டி 3.37 லட்சம். 30 சதவீத வரம்பில் இருப்பவருக்கும் செஸ் சேர்த்து அதிகபட்சம் 62,400 ரூபாய்தான் மிச்சமாகும். புதிய வரி முறையில் இருந்தால், குடியிருக்கும் வீட்டுக்கு அந்தச் சலுகையே இல்லை.

படி 6: கையெழுத்துக்கு முன்னும் கடன் முடிந்த பின்னும்

2024 அக்டோபர் 1 முதல் சில்லறைக் கடன் தரும் வங்கிகள் முக்கிய விவர அறிக்கை ஒன்றைத் தர வேண்டும். அதில் கட்டணங்களையும் சேர்த்த வருடாந்திரச் சதவீதம் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பரத்தில் போடும் வட்டியை விட்டுவிட்டு இந்தச் சதவீதத்தை வைத்துப் பாருங்கள். காப்பீட்டு பிரீமியத்தை நுழைத்திருந்தாலும் இங்கே தெரிந்துவிடும்.

கடன் முடிந்ததும் 30 நாளுக்குள் வங்கி மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். அவர்கள் பக்கத் தாமதத்துக்கு நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. பத்திரம் கைக்கு வந்துவிட்டது என்று அதோடு விட்டுவிடாமல், எம்ஓடியை ரத்து செய்யும் ரசீதைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதியுங்கள். அதைச் செய்யாவிட்டால் கடனே இல்லாத வீட்டுக்கு வில்லங்கச் சான்றில் அடமானம் நின்றுகொண்டிருக்கும். பதிந்த பிறகு ஒரு வில்லங்கம் போட்டு, ரத்துப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.