பல உலகக் கதைக்கு ஒரே நாள் எண்

பல உலகங்களில் நடக்கும் மாயக்கதை எழுதுகிறீர்களா? மாதப் பெயர்களை யோசிக்கும் முன், எல்லா உலகங்களுக்கும் பொதுவாக ஓடும் ஒரு நாள் எண்ணிக்கையை வைத்துக்கொள்ளுங்கள். வானியலாளர்கள் இதைத்தான் செய்கிறார்கள். அவர்களின் ஜூலியன் நாள் கணக்கில் மாதமும் கிடையாது, வருடமும் கிடையாது. 2000 ஜனவரி 1 நண்பகல் என்பது வெறும் 2451545. நம் பஞ்சாங்க மரபின் கலி நாள் கணக்கும் இதே வழிதான்.

கதையில் நடப்பது பொது நாள் 5000 என்று வைப்போம். பூஜ்யத்திலிருந்து எண்ணுகிறோம். முதல் உலகில் வருடத்துக்கு 360 நாள்: 5000-ஐ 360-ஆல் வகுத்தால் ஈவு 13, மீதி 320. அதாவது 14-ஆம் வருடம், 321-ஆம் நாள். இரண்டாம் உலகில் 400 நாள் என்றால் அதே தருணம் 13-ஆம் வருடம், 201-ஆம் நாள். எக்செலில் இரண்டே சூத்திரங்கள் போதும்.

எனக்கு மிகவும் பிடித்தது அடுத்த விஷயம். 360-க்கும் 400-க்கும் மீச்சிறு பொது மடங்கு 3600. ஆக 3600 நாளுக்கு ஒருமுறை இரு உலகங்களிலும் புத்தாண்டு ஒன்றாக வரும். உலகங்களுக்கு இடையிலான வாசல் அன்று திறக்கட்டுமே! மத்திய அமெரிக்காவின் பழங்கால மாயா மக்களின் 260 நாள், 365 நாள் காலண்டர் சுற்றுகளும் இப்படித்தான் 18,980 நாளுக்கு ஒருமுறை சந்தித்தன.

அப்புறம், பிரபவ, விபவ போல சுழலும் வருடப் பெயர்கள் வைத்தால் கூடவே தொடர் எண்ணும் கொடுங்கள். 60 வருடம் கழித்து அதே பெயர் திரும்ப வரும்போது எந்தப் பிரபவ என்று வாசகர் திணறக்கூடாது.