மும்பையில் தனி ஆளாகப் படம் எடுப்பவர்கள் செய்யக்கூடாத தவறுகள்

தாராவி, மாட்டுங்கா, செம்பூர் பக்கம் கதை, இயக்கம், கேமரா, எடிட்டிங் எல்லாவற்றையும் ஒருவரே செய்து தமிழில் படம் எடுக்கிறார்கள். காசு இல்லாதபோது வேறு வழி கிடையாது, அதில் தப்பும் இல்லை. ஆனால் சவுண்டையும் நானே பார்த்துக்கொள்கிறேன் என்று மட்டும் தயவுசெய்து இறங்காதீர்கள்.

கண் ஃபோகஸில் இருக்கும்போது காது எதையும் வாங்காது. தாராவிக்கு ஒரு பக்கம் வெஸ்டர்ன் ரயில் லைன், மறுபக்கம் சென்ட்ரல் லைன், டேக் நடுவே லோக்கல் ரயில் போனதை நீங்கள் கவனித்திருக்கவே மாட்டீர்கள், அப்புறம் எடிட்டில் வசனத்தை வெட்டும்போதுதான் ரயில் சத்தம் பாதியில் அறுந்து தொங்கும். ஒரே ஒருவருக்குத்தான் சம்பளம் தர முடியுமென்றால் அது சவுண்ட் ஆளாக இருக்கட்டும். அதற்கும் வழியில்லையா, நண்பர் ஒருவர் காதில் ஹெட்ஃபோனை மாட்டி, வேண்டாத சத்தம் கேட்டால் கையைத் தூக்கச் சொல்லுங்கள். ஃபேனையும் ஃப்ரிட்ஜையும் அணைத்துவிட்டு எடுங்கள். வண்டிச் சாவியை அந்த ஃப்ரிட்ஜுக்குள்ளேயே வைத்துவிட்டால் ஃப்ரிட்ஜைத் திரும்ப ஆன் செய்யாமல் கிளம்ப மாட்டீர்கள், வீட்டுக்காரம்மாவின் பாலும் திரியாது. பக்கத்து டீக்கடையில் சினிமாப் பாட்டு ஓடினால் கொஞ்ச நேரம் நிறுத்தச் சொல்லிக் கேளுங்கள், அது வசனத்தோடு பதிவாகிவிட்டால் யூட்டியூபில் ஏற்றும்போது உரிமைப் பிரச்சினை வரும். இடத்தைக் காலி செய்யும் முன் எல்லோரும் அசையாமல் நிற்க, அந்த அறையின் வெறும் சத்தத்தை 30 விநாடி பதிவு செய்யுங்கள். வெட்டிய இடங்களில் ஒட்டுப்போட அதுதான் கைகொடுக்கும்.

கேமராவில் ஒன்றே ஒன்று: நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், அதனால் டியூப்லைட்டுக்குக் கீழே விநாடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் வேகம் 1/50 விநாடி. 1/60 வைத்தால் படத்தில் பட்டை ஓடக்கூடும்.

ரயில் நிலையத்தில் அனுமதி இல்லாமல் எடுக்காதீர்கள்.

இரவு களைப்பில் மெமரி கார்டை அழிப்பது இன்னொரு ஆபத்து. இரண்டு ஹார்ட் டிஸ்கில் ஏற்றி, ஒவ்வொன்றிலும் நாலைந்து ஃபைலை ஓட்டிப் பார்த்த பிறகுதான் ஃபார்மேட். இரண்டையும் ஒரே பையில் வைக்காதீர்கள், மழைக்காலத்தில் அது போதும் எல்லாம் போக.

கடைசியாக எடிட்டிங். மூன்று மணி நேரம் காத்திருந்து எடுத்த ஷாட்டை வெட்ட மனசு வராது, ஆனால் பார்ப்பவருக்கு அந்த மூன்று மணி நேரம் தெரியாது. எடிட் செய்த படத்தின் முதல் வடிவத்தைக் கதை தெரியாத ஒரு தமிழரிடம் காட்டுங்கள், தமிழே தெரியாத ஒரு மராத்திக்காரரிடம் சப்டைட்டிலோடு காட்டுங்கள். பக்கத்திலிருந்து விளக்கம் சொல்லாதீர்கள். இரண்டு பேரும் ஒரே இடத்தில் மொபைலைக் கையில் எடுத்தால் அந்த இடத்தைச் சுருக்குங்கள்.