பீட்சா சாஸ்: தண்ணீரை விட்டுவிட்டு ஓவனைக் குறை சொல்லாதீர்கள்

புதிதாகப் பீட்சா செய்யத் தொடங்குகிறவர்களின் பக்கத்தில் நின்று பார்க்கும் வாய்ப்பு எனக்கு அடிக்கடி அமைகிறது. சொந்தக்காரப் பிள்ளைகள், நண்பர்கள், நண்பர்களின் நண்பர்கள். மாவில் அத்தனை அக்கறை காட்டுகிறார்கள். எடை போட்டுத் தண்ணீர் சேர்க்கிறார்கள், ஒரு நாள் முழுக்க ஃபிரிட்ஜில் வைத்துப் பொறுமையாகப் புளிக்க விடுகிறார்கள். சாஸ் என்று வந்ததும் அந்தப் பொறுமை போய்விடுகிறது. நானும் தொடக்கத்தில் இடறிய அதே இடங்களில்தான் அவர்களும் இடறுகிறார்கள்.

கெட்சப்பைத் தடவாதீர்கள், அடிப்பிடிக்க விடாதீர்கள் என்றெல்லாம் சொல்லப் போவதில்லை. அவை யாரும் சொல்லாமலே தெரியும். செய்கிறவருக்கே தெரியாமல் நடக்கிற தவறுகளைத்தான் எழுதுகிறேன்.

தண்ணீர் நிற்கும் சாஸ்

மற்றத் தவறுகள் சுவையைக் கொஞ்சம் குறைக்கும். இது ஒன்று மட்டும் மாவு, சீஸ், உங்கள் ஒரு நாள் உழைப்பு எல்லாவற்றையும் சேர்த்துக் கெடுக்கும். அதனால் இதில் கொஞ்சம் நின்று பேச வேண்டும்.

தக்காளியில் ஏறக்குறைய 95 சதவீதம் தண்ணீர்தான். அதை அரைத்து அப்படியே தடவி ஓவனில் வைத்தால் என்ன ஆகிறது? மேலே சீஸ் உருகி மூடிக்கொள்கிறது, கீழே மாவு இருக்கிறது, இரண்டுக்கும் நடுவில் தண்ணீர் மாட்டிக்கொள்கிறது. அந்தத் தண்ணீர் ஆவியாகித் தீரும் வரை அந்த இடத்தின் வெப்பம் 100 டிகிரி செல்சியஸைத் தாண்டாது. ஓவன் 250 டிகிரி காட்டும். ஓரம் பொன்னிறமாக உப்பியிருக்கும். அடிப்பக்கம்கூடச் சிவந்திருக்கும். வெட்டிப் பார்த்தால் சாஸுக்கு நேர் கீழே ஒரு படலம் வேகாமல் கொழகொழவென்று இருக்கும். துண்டைக் கையில் எடுத்தால் முனை தொங்கும், சீஸ் வழுக்கிக்கொண்டு தட்டில் விழும்.

இதில் எனக்கு இன்றுவரை எரிச்சல் தருவது தவறைவிட, அதற்குப் பிறகு நடப்பதுதான். யாரும் சாஸைச் சந்தேகப்படுவதில்லை. எனக்குத் தெரிந்த ஒரு பெண், "அக்கா, நடுவுல மட்டும் வேகவே மாட்டேங்குது" என்று படம் எடுத்து அனுப்பிக்கொண்டே இருந்தாள். முதலில் மாவை மாற்றினாள். அப்புறம் ஓவனில் வைக்கும் தடித்த பீட்சா கல் ஒன்றை வாங்கினாள். அதற்கும் சரிவரவில்லை என்றதும் ஓவனிலேயே கோளாறு என்று முடிவு கட்டி, பழுது பார்க்க ஆளையும் வரவழைத்தாள். எத்தனை செலவு, எத்தனை மனக்கஷ்டம்! கடைசியில் அவள் வீட்டுக்குப் போனபோது, சாஸில் ஒரு கரண்டி எடுத்து வெள்ளைத் தட்டில் வைக்கச் சொன்னேன். ஒரு நிமிடத்துக்குள் அந்தக் குவியலைச் சுற்றி இளஞ்சிவப்பாகத் தண்ணீர் வளையம் படர்ந்தது. அதே சாஸைச் சல்லடையில் வடித்து, அதே மாவில், அதே ஓவனில் செய்தோம். வெந்துவிட்டது.

அந்தத் தட்டுச் சோதனையைப் பழக்கமாக்கிக்கொள்ளுங்கள். ஒரு கரண்டி சாஸ், ஒரு தட்டு, இரண்டு நிமிடம். வளையம் வந்தால் சாஸ் இன்னும் தயாராகவில்லை.

"ஆனால் இத்தாலியின் நேப்பிள்ஸில் வேகவைக்காத தக்காளிக் கூழைத்தானே தடவுகிறார்கள்?" என்று கேட்பார்கள். உண்மைதான். அங்கே உரித்த தக்காளியைக் கையால் நசுக்கி உப்புப் போட்டு, வேகவைக்காமலே தடவுவார்கள். ஆனால் அந்த அடுப்பைப் பாருங்கள். நேப்பிள்ஸ் பீட்சாவுக்கு ஐரோப்பிய ஒன்றியம் 2010-இல் பதிவு செய்த செய்முறையில் அடுப்புத் தளத்தின் வெப்பம் 485 டிகிரி என்றும், வேகும் நேரம் 60 முதல் 90 நொடி என்றும் இருக்கிறது. அந்த விறகடுப்பு வெப்பத்தில் மேற்பரப்பு ஈரம் சட்டென்று பறந்துவிடும். அந்த மென்மையான நடுப்பகுதியும் அவர்கள் வேண்டுமென்றே வைத்துக்கொள்வது. வீட்டு ஓவன் 250 டிகிரியில் எட்டு, பத்து நிமிடம் எடுத்துக்கொள்கிறது. அத்தனை நேரமும் தண்ணீர் கீழே மாவுக்குள் இறங்கிக்கொண்டே இருக்கும். அந்த அடுப்புக்கான செய்முறையை இந்த அடுப்புக்கு எழுதிவிட்டு, "அரைத்து உப்புப் போட்டால் சாஸ் தயார்" என்று முடித்துவிடுகிறார்களே, அதுதான் புதியவர்களைக் கவிழ்க்கிறது.

சரி, தண்ணீரை எப்படி வெளியேற்றுவது? இங்கேதான் இரண்டாவது குழியில் விழுகிறார்கள். சிலர் தக்காளியை வெட்டி, விதையோடு இருக்கும் ஜெல்லியைச் சுரண்டிக் குப்பையில் போட்டுவிடுகிறார்கள். தக்காளியின் உமாமி எனப்படும் ஆழ்ந்த சுவைக்குக் காரணமான குளூட்டமேட் என்ற பொருள் சதைப்பகுதியைவிட அந்த ஜெல்லியில்தான் அதிகம். அதைக் கொட்டிவிட்டால் கெட்டியான, ஆனால் சப்பென்ற சாஸ்தான் மிஞ்சும்.

வேறு சிலர் மொத்தத்தையும் அடுப்பில் ஏற்றி, எண்ணெய் பிரியும் வரை ஒரு மணி நேரம் சுண்ட வைக்கிறார்கள். தண்ணீர் போய்விடும், கூடவே தக்காளியின் புது மணமும் போய்விடும். பாஸ்டாவுக்கு அப்படிச் செய்தால் நன்றாக இருக்கும். பீட்சா சாஸ் ஓவனுக்குள் போய் இன்னொரு முறை வேகப்போகிறது. முதல் சுற்றிலேயே முழுவதும் வெந்துவிட்டால், இரண்டாவது சுற்றில் கருத்து, இனித்து, கனமாகிவிடும்.

நான் செய்யும் முறை இது. ஒரு கிலோ நன்கு பழுத்த, சதைப்பற்றுள்ள தக்காளி. நீளவாக்கில் இருக்கும் ரகங்களில் பொதுவாகச் சதை அதிகம், நீர் குறைவு. அடியில் கூட்டல் குறிபோல் கீறி, கொதிக்கும் தண்ணீரில் அரை நிமிடம் போட்டெடுத்து, குளிர்ந்த தண்ணீரில் இட்டால் தோல் தானாகக் கழன்று வரும். பாதியாக வெட்டி, ஜெல்லியையும் விதையையும் ஒரு கிண்ணத்தின் மேல் வைத்த சல்லடையில் வழித்துத் தேய்த்தால் விதை மேலே தங்கும், சாறு கீழே இறங்கும். சதையைக் கையால் நசுக்கி, அரைத் தேக்கரண்டி உப்புத் தூவி, அதையும் சல்லடையில் அரை மணி நேரம் வையுங்கள். உப்பு இன்னும் நிறையச் சாற்றை வெளியே இழுக்கும்.

இப்போது அந்தச் சாற்றை மட்டும் அகலமான வாணலியில் ஊற்றி, மூடி போடாமல், பாகு பதம் வரும் வரை சுண்டவிடுங்கள். சில மேசைக்கரண்டி அளவுக்கு வந்துவிடும். கொஞ்சம் ஆறியதும் அதை எடுத்து, வேகவைக்காத சதையோடு கலந்துவிடுங்கள். தண்ணீர் போயிற்று, சுவை வீட்டிலேயே இருக்கிறது, சதையின் புது மணமும் கலையவில்லை. மூன்று நான்கு பீட்சாவுக்குத் தாராளமாக வரும்.

டின்னில் வரும் முழுத் தக்காளிக்கும் இதே வழிதான். சல்லடையில் கொட்டி, சாற்றைத் தனியாகச் சுண்டவைத்துச் சேருங்கள். டின் வாங்கும்போது துண்டுகளாக வெட்டியதைத் தவிர்த்து, முழுதாக உரித்ததை எடுங்கள். துண்டுகள் உருக்குலையாமல் இருப்பதற்காகப் பெரும்பாலும் கால்சியம் குளோரைடு சேர்த்திருப்பார்கள். அவற்றை எவ்வளவு நேரம் வேகவைத்தாலும் கூழாகாமல் விறைப்பாகவே நிற்கும்.

இத்தனைக்கும் நேரமில்லை என்றால், நசுக்கிய தக்காளி மொத்தத்தையும் அகலமான வாணலியில் திறந்தே பதினைந்து, இருபது நிமிடம் கொதிக்கவிடுங்கள். அகலம் முக்கியம். உயரமான, வாய் குறுகிய பாத்திரத்தில் மூடி போட்டு அதே நேரம் வைத்தால் சூடான தக்காளித் தண்ணீர்தான் கிடைக்கும். கரண்டியால் வாணலியின் அடியில் ஒரு கோடு இழுத்துப் பாருங்கள். கோடு உடனே மூடிக்கொள்ளாமல் ஒரு கணம் நின்றால் போதும், இறக்கிவிடலாம்.

ஒரு துணைக்குறிப்பு: தண்ணீரில் மிதந்து வரும் புது மொசரெல்லாவும் இதே வேலையைச் செய்யும். அதைக் கிழித்து, ஒரு மணி நேரமாவது வடியவிட்டுப் பயன்படுத்துங்கள். சாஸை இவ்வளவு பாடுபட்டுக் கெட்டியாக்கிவிட்டு, சீஸ் வழியாகத் தண்ணீரைத் திரும்பக் கொண்டுவரக் கூடாது.

சோள மாவு போட்டுக் கெட்டியாக்குவது

வேண்டாம். தண்ணீர் அப்படியேதான் இருக்கும், பசையாக மாறி உட்கார்ந்திருக்கும்.

மிக்சியில் ஓடவிடுவது

விதையோடு மிக்சியில் வேகமாக அடித்தால் விதைகள் உடைந்து கசப்பு இறங்கும். காற்றும் உள்ளே புகுந்து நுரைக்கும், சிவப்பு வெளுத்து ஆரஞ்சு நிறமாகிவிடும். எண்ணெயையும் சேர்த்து அடித்துவிட்டால் இன்னும் வெளுக்கும். கையால் நசுக்குவது போதும். அங்கங்கே சின்னச் சின்னத் துண்டுகள் இருப்பது பீட்சாவில் அழகுதான். மிக்சிதான் வேண்டும் என்றால் விதையை எடுத்துவிட்டு, விட்டுவிட்டு இரண்டு மூன்று சுற்று மட்டும் ஓடவிடுங்கள். எண்ணெயைக் கடைசியில் கரண்டியால் கலந்துகொள்ளலாம்.

பூண்டைச் சிவக்க விடுவது

பூண்டு பொன்னிறத்தைத் தாண்டிய நொடியில் கசக்கத் தொடங்கும். அந்தக் கசப்பைச் சர்க்கரை போட்டும் மறைக்க முடியாது. எண்ணெய் நன்றாகக் காய்ந்த பிறகு பூண்டைப் போடுவதுதான் பலர் செய்வது. எண்ணெய் சூடாகும் முன்பே நறுக்கிய பூண்டைப் போட்டு, சின்னத் தீயில் இரண்டையும் சேர்த்துச் சூடாக்குங்கள். மணம் வந்து, நிறம் மாறுவதற்குள் தக்காளியை ஊற்றிவிடுங்கள். தக்காளி விழுது சேர்ப்பதாக இருந்தால், அதே எண்ணெயில் அதை ஒன்றிரண்டு நிமிடம் பிரட்டினால் பச்சை வாசனை போய்விடும். தக்காளியை வேகவைக்காத முறையில் செய்கிறவர்கள் பூண்டைத் துருவி மிகக் கொஞ்சம் சேர்த்தால் போதும். ஓவன் மற்றதைப் பார்த்துக்கொள்ளும்.

ஆரிகனோவையும் பேசிலையும் ஒன்றாகப் போடுவது

உலர்ந்த ஆரிகனோவுக்கு ஊற நேரம் வேண்டும். உள்ளங்கையில் தேய்த்து முதலிலேயே போடுங்கள். புது பேசில் இலை வெப்பத்தில் மணத்தை இழந்து கறுத்துவிடும். அது கடைசியில்.

புளிப்புக்குச் சர்க்கரையை அள்ளிப் போடுவது

முதலில் உப்பைச் சரிபாருங்கள். உப்புக் குறைவாக இருந்தாலும் புளிப்பு தூக்கலாகத் தெரியும். அதற்குப் பிறகும் புளித்தால் ஒரு கிலோ தக்காளிக்குக் கால் தேக்கரண்டிச் சர்க்கரையிலிருந்து தொடங்கிச் சுவைத்துச் சுவைத்துச் சேருங்கள். சமையல் சோடா புளிப்பை உண்மையிலேயே முறிக்கும், ஆனால் விரல் நுனியில் ஒட்டும் அளவைத் தாண்டினால் சாஸில் சோப்பு வாடை அடிக்கும்.

முன்கூட்டியே உப்பை முடித்துவிடுவது

சுண்டச் சுண்ட உப்புக் கூடும். கடைசி உப்பைச் சாஸ் கெட்டியான பிறகு, ஆறிய நிலையில் சுவைத்துப் போடுங்கள். சீஸிலும் உப்பு இருக்கிறது என்பதை மனதில் வைத்து ஒரு படி குறைவாகவே நிறுத்துங்கள்.

சூடாகத் தடவுவது

மாவு இளகி, பலகையில் ஒட்டிக்கொள்ளும். சாஸ் முழுவதும் ஆறட்டும். தடவியதும் உடனே ஓவனில் வையுங்கள். தடவிவிட்டு ஓவன் சூடாவதற்காகக் காத்திருக்காதீர்கள்.

அளவு

30 சென்டிமீட்டர் பீட்சாவுக்கு 80 முதல் 100 கிராம் சாஸ் போதும். தடவியதும் அங்கங்கே மாவு தெரிய வேண்டும். "இவ்வளவுதானா?" என்று கை இன்னொரு கரண்டி எடுக்கத் துடிக்கும், அங்கே நிறுத்திவிடுங்கள். நடுவில் குறைவாகவும் ஓரத்தை நோக்கிக் கொஞ்சம் கூடுதலாகவும் இருக்கட்டும், ஏனென்றால் உருகும்போது எல்லாம் நடுவை நோக்கித்தான் வழியும்.

பாட்டிலில் அடைத்து வெளியே வைப்பது

இதில் மட்டும் கண்டிப்பாகச் சொல்கிறேன். தக்காளி புளிப்பானதுதான், ஆனால் சில தக்காளிகளின் புளிப்பு, காற்றுப் புகாத பாட்டிலில் 'போட்டுலிசம்' (botulism) என்ற, உயிருக்கே ஆபத்தான உணவு நச்சுநோய்க்கான நச்சை உண்டாக்கும் கிருமியைத் தடுக்கப் போதாது. பூண்டும் எண்ணெயும் சேர்ந்த சாஸில் ஆபத்து இன்னும் கூடும். அந்த நச்சு இருப்பது மணத்திலோ சுவையிலோ தெரியாமலே போகலாம். மூடி இறுக்கமாக இருக்கிறது, மேலே எண்ணெய் ஊற்றி வைத்திருக்கிறேன் என்று நம்பி அறை வெப்பத்தில் வைக்காதீர்கள். ஃபிரிட்ஜில் நான்கு நாள், அதற்கு மேல் வேண்டுமென்றால் ஃபிரீசர். ஒரு பீட்சாவுக்கான அளவைத் தனித்தனிப் பைகளில் போட்டு, தட்டையாக அழுத்தி, தேதி எழுதி வையுங்கள். மூன்று மாதம் வரை சுவை மாறாது. உருகும்போது ஓரத்தில் கொஞ்சம் தண்ணீர் பிரிந்து நிற்கும், அதை வடித்துவிட்டுத் தடவுங்கள்.