ஃபேன் இல்லாத லேப்டாப்பில் கேம்: முதல் ஐந்து நிமிடத்தை நம்பாதீர்கள்

"அம்மான், இதுல ஜிடிஏ ஓடுமா?"

ஆச்சி மகன் (எங்கள் பக்கம் அக்காவை ஆச்சி என்போம்) லீவுக்குக் காரைக்குடி வந்து, பையை இறக்கி வைப்பதற்கு முன்பே கேட்ட கேள்வி இது. கையில் எம்1 மேக்புக் ஏர். கல்லூரியில் சேர்ந்தபோது ஆச்சி வாங்கிக் கொடுத்தது. ஜிடிஏ 5-க்கு மேக் பதிப்பே கிடையாது. அப்படி ஒன்று இருந்திருந்தாலும் 100 ஜிபிக்கு மேல் இடம் கேட்கும், இவனிடம் இருப்பது மொத்தமே 256. சொன்னதும் முகம் தொங்கிவிட்டது. "சரி வா, எது ஓடும்னு பார்ப்போம்" என்று வீட்டுக் கூடமான பட்டாலையில் உட்கார்ந்தோம். அன்று மதியம் அவனுக்குச் சொன்னதைத்தான் இங்கே வரிசைப்படுத்தி எழுதுகிறேன். மேக்புக் ஏர் மட்டுமில்லை, இன்டெல் என்100 போன்ற சின்ன சிப் போட்டு ஃபேன் இல்லாமல் வரும் விண்டோஸ் லேப்டாப்களுக்கும் இது பொருந்தும்.

தொடங்கும் முன்: சூடு எங்கே போகிறது?

எங்கள் பக்கத்துப் பழைய வீடுகளில் ஃபேன் போடாமலே மதியம் தூங்கலாம். கனத்த சுவர், உயரமான கூரை, நடுவில் வானம் பார்த்த வளவு. சூடான காற்று மேலே ஏறித் தானாக வெளியேறிவிடும். வீட்டைக் கட்டும்போதே சூட்டுக்கு ஒரு வழி வைத்துக் கட்டியிருக்கிறார்கள்.

ஃபேன் இல்லாத லேப்டாப்புக்கு வளவு கிடையாது. சிப்பில் பிறக்கும் சூடு அலுமினிய உடம்பில் பரவி, அங்கிருந்து மெதுவாகக் காற்றில் கலக்க வேண்டும், அவ்வளவுதான் வழி. ஆட்டத்தைத் திறக்கும்போது உடம்பு குளிர்ந்திருப்பதால் சிப் முழு வேகத்தில் ஓடும். கொஞ்ச நேரத்தில் உடம்பு சூட்டை வாங்கி நிரம்பிவிடும். அப்புறம் சிப் தன்னைக் காப்பாற்றிக்கொள்ளத் தானே வேகத்தைக் குறைத்துக்கொள்ளும். இதற்கு த்ராட்லிங் என்று பெயர். லேப்டாப் கெட்டுப்போய்விட்டதோ என்று பயப்பட வேண்டாம், அதன் சுபாவமே இதுதான்.

ஆகவே ஒரு ஆட்டம் ஓடுமா என்று கேட்பதில் பயனில்லை. அரை மணி நேரம் கழித்தும் ஓடுமா என்று கேட்க வேண்டும்.

ஒரு கணக்குப் பாருங்கள். இழுக்கும் மின்சாரம் எல்லாம் கடைசியில் சூடாகத்தான் மாறும். எம்1 ஏருடன் வரும் சார்ஜர் 30 வாட். என்100 சிப்புக்கு இன்டெல் சொல்லும் அளவு வெறும் 6 வாட். பல ஆட்டங்கள் சர்வசாதாரணமாகக் கேட்கும் ஜிடிஎக்ஸ் 1060 என்ற டெஸ்க்டாப் கிராஃபிக்ஸ் கார்டு, அது ஒன்றே 120 வாட். வீட்டில் ஓடும் பழைய சீலிங் ஃபேனே 75 வாட்தான் இழுக்கும். நான்கு ஃபேனுக்குப் போட்ட வயரிங்கில் ஏசி மாட்டினால் என்ன ஆகும் என்று நம் எலக்ட்ரீசியனைக் கேட்டால் சொல்வார்.

படி 1: கையில் இருப்பது என்ன?

மேக்கில் இடது மேல் மூலை ஆப்பிள் குறியைத் தட்டி ‘அபவுட் திஸ் மேக்’ பாருங்கள். விண்டோஸில் கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் டாஸ்க் மேனேஜர் வரும், அதில் ‘பெர்ஃபார்மன்ஸ்’. அங்கே சிப்பின் பெயரும் ரேம் எவ்வளவு என்பதும் தெரியும், டிஸ்க்கில் எவ்வளவு இடம் காலி என்பதையும் தனியாகப் பார்த்து, இந்த மூன்றையும் குறித்துக்கொள்ளுங்கள். இந்த லேப்டாப்களில் கிராஃபிக்ஸுக்குத் தனி நினைவகம் இல்லை, இருக்கிற ரேமையே பங்கு போட்டுக்கொள்ளும். 8 ஜிபி என்றால் ஆடும்போது குரோமில் இருபது டேப் திறந்து வைத்திருக்கக் கூடாது.

படி 2: எந்த மாதிரி ஆட்டம்?

பாதி முடிவு இங்கேயே ஆகிவிடும்.

எங்கள் வீட்டுத் திண்ணைக் கல்லில் ஆடுபுலி ஆட்டக் கோடு செதுக்கியிருக்கிறது. ஒருவர் காய் நகர்த்துவார், மற்றவர் தாடையைத் தடவிக்கொண்டு யோசிப்பார். கணினியிலும் இப்படி முறை வைத்து ஆடும் ஆட்டங்கள் உண்டு. நீங்கள் யோசிக்கும் நேரமெல்லாம் சிப்புக்கு ஓய்வு, அதற்குள் சூடு கொஞ்சம் இறங்கிவிடும். ஸ்லே த ஸ்பையர், இன்டு த ப்ரீச், பலாட்ரோ எல்லாம் இந்த வகை. அடுத்து, தட்டையான படம் வரைந்து செய்த இருபரிமாண ஆட்டங்கள்: ஸ்டார்டியூ வேலி, ஹாலோ நைட், மினி மெட்ரோ. ஸ்டார்டியூ வேலி 2 ஜிபி ரேம் இருந்தால் போதும் என்கிறது. உருளைக்கிழங்கும் பூசணியும் போட்டு வளர்க்கிற ஆட்டம்தானே என்று நினைத்துத் திறந்தால், மணி இரண்டாகியிருக்கும்.

விண்டோஸ் வைத்திருப்பவர்களுக்கு ‘வெண்பா’ என்ற ஆட்டத்தையும் சொல்வேன். 2023-இல் வந்தது, கனடாவுக்குக் குடிபோன தமிழ்க் குடும்பம் ஒன்றின் கதை, கறை படிந்து எழுத்து அழிந்த சமையல் குறிப்பை வைத்து நாமே இட்லி வேகவைக்க வேண்டும். 2024-இல் சிறந்த அறிமுக ஆட்டத்துக்கான பாஃப்டா விருது வாங்கியது. சின்ன ஆட்டம், ஒரு சாயங்காலத்தில் முடிந்துவிடும்.

தவிர்க்க வேண்டியவை எவை என்று ஓரளவு உங்களுக்கே தெரியும்: பரந்த முப்பரிமாண உலகம், முடியும் புல்லும் தனித்தனியாக ஆடும் படம், மழையில் நனைந்த தெருவில் விளக்கு பிரதிபலிப்பது. தெரியாமல் மாட்டிக்கொள்வது வேறு ரகத்தில். சிவிலைசேஷன் 6 முறை வைத்து ஆடுவதுதான். ஆனால் நூறு, நூற்றைம்பது முறை தாண்டியதும், எதிராளிகள் எல்லோருக்கும் சேர்த்துக் கணினி யோசிக்க வேண்டி வரும். சிட்டீஸ் ஸ்கைலைன்ஸில் ஊர் சின்னதாக இருக்கும்வரை சுகம், மக்கள்தொகை ஏற ஏறத் திணறும். இப்படி வளர்ந்துகொண்டே போகும் ஆட்டங்களை முதல் மணி நேரத்தை வைத்து எடை போட முடியாது.

இதிலெல்லாம் குழப்பமாக இருந்தால் என் குறுக்குவழி ஒன்று இருக்கிறது. செல்போனிலும் ஃபேன் கிடையாது. ஆகவே ஓர் ஆட்டம் போனுக்கும் வந்திருக்கிறதா என்று பாருங்கள். ஸ்டார்டியூ வேலி, பலாட்ரோ, ஸ்லே த ஸ்பையர், மினி மெட்ரோ எல்லாமே போனிலும் உண்டு. அங்கே ஓடுவது இங்கே தாராளமாக ஓடும். எம் வரிசை மேக்குகளில், செய்தவர்கள் தடுக்காத ஐபோன், ஐபேட் ஆட்டங்களை ஆப் ஸ்டோரிலிருந்து நேராகவே இறக்கலாம். பிஜிஎம்ஐ (பப்ஜியின் இந்தியப் பதிப்பு) ஆடும் பையன்களின் போனைத் தொட்டுப் பார்த்தவர்களுக்கு இந்த விதிக்கும் விலக்கு உண்டு என்று தெரியும்.

படி 3: கடைப் பக்கத்தை நிதானமாகப் படியுங்கள்

ஸ்டீம் என்ற இணைய ஆட்டக் கடையில் ஆட்டத்தின் விலைக்குப் பக்கத்தில் எந்த இயங்குதளத்தில் ஓடும் என்று குட்டிச் சின்னம் இருக்கும். மேக் என்றால் ஆப்பிள் சின்னம் இருக்க வேண்டும். இதை மட்டும் நம்பி ஏமாந்தவன் நான். தள்ளுபடியில் பழைய ஆட்டம் ஒன்று கிடைத்தது, ஆப்பிள் சின்னமும் இருந்தது. வாங்கிப் போட்டுவிட்டு மூன்று வாரம் கழித்துத் திறந்தால், திறக்கவே இல்லை. அது 32 பிட் என்ற பழைய வகை ஆட்டம். 2019-இல் வந்த கேடலினாவிலிருந்து மேக்ஓஎஸ் 32 பிட் எதையும் ஏற்பதில்லை. கீழே இறங்கித் தேவைகள் பகுதியைப் படித்திருந்தால் தெரிந்திருக்கும். சோம்பேறித்தனம் என்னுடையது, காசும் என்னுடையது.

இன்டெல் மேக்குக்குச் செய்த 64 பிட் ஆட்டங்கள் ரோசெட்டா என்ற மொழிபெயர்ப்பான் வழியாக எம் வரிசையிலும் ஓடும். ஓரளவு கூடுதல் வேலை, ஓரளவு கூடுதல் சூடு.

தேவைகள் பகுதியில் ‘குறைந்தபட்சம்’ என்ற கட்டத்தைப் பாருங்கள். அங்கேயே ஜிடிஎக்ஸ் என்று தொடங்கும் தனி கிராஃபிக்ஸ் கார்டு கேட்டால் பக்கத்தை மூடிவிடலாம், மேலே சொன்ன வாட் கணக்கை நினைத்துக்கொள்ளுங்கள். சிப்போடு சேர்ந்த சாதாரண இன்டெல் கிராஃபிக்ஸே போதும் என்றிருந்தால் நல்ல சகுனம். எவ்வளவு இடம் கேட்கிறது என்பதும் ஒரு துப்பு. 5 ஜிபிக்குள் என்றால் பெரும்பாலும் பயமில்லை. பால்டர்ஸ் கேட் 3 மேக்குக்கும் வந்திருக்கிறது, 150 ஜிபி கேட்கிறது. மேக்கில் உண்டு என்பது வேறு, உங்கள் மேக்கில் சுகமாக ஓடும் என்பது வேறு.

படி 4: அரை மணி நேரச் சோதனை

டெமோ இருந்தால் முதலில் அதை இறக்குங்கள். இல்லாவிட்டால் வாங்கி அன்றைக்கே சோதியுங்கள். வாங்கி 14 நாளுக்குள், ஆடியது 2 மணி நேரத்துக்குக் குறைவாக இருந்தால் ஸ்டீம் பணத்தைத் திருப்பித் தரும். தள்ளுபடியில் ஐந்தாறு வாங்கி அடுக்கி வைப்பவர்கள் இந்த 14 நாளைத்தான் கோட்டை விடுகிறார்கள்.

ஸ்டீம் செட்டிங்ஸில் ‘இன் கேம்’ பகுதிக்குப் போய் எஃப்பிஎஸ் எண்ணைத் திரையில் காட்டச் சொல்லுங்கள். நொடிக்கு எத்தனை படம் வரைகிறது என்ற கணக்கு அது. 60 என்றால் வழுக்கிக்கொண்டு போகும், 30 என்றால் ஆடலாம், அதற்குக் கீழே கண் வலிக்கும். ஒரு துண்டுச் சீட்டை எடுத்து ஐந்தாம் நிமிடம், பதினைந்தாம் நிமிடம், முப்பதாம் நிமிடம் என்று எண்ணைக் குறியுங்கள். ஆட்டத்தில் பரபரப்பான இடமாகப் பார்த்துக் குறிக்க வேண்டும், கதாநாயகன் சும்மா நிற்கும்போது குறிக்கக் கூடாது.

நம் மாப்பிள்ளை ஒரு கார் பந்தயத்தின் டெமோவை வைத்துச் சோதித்தான். ஐந்தாம் நிமிடம் 58. "அம்மான், நீங்க சும்மா பயமுறுத்துறீங்க" என்றான். பதினைந்தில் 44. முப்பதில் 31, வளைவுகளில் அதற்கும் கீழே. சீட்டை என்னிடம் நீட்டும்போது ஒன்றும் பேசவில்லை. கீபோர்டுக்கு மேலே, திரையை ஒட்டிய பட்டையில் விரலை வைத்துவிட்டு வெடுக்கென்று எடுத்தான்.

படி 5: செட்டிங்ஸில் எதை முதலில் குறைப்பது?

முதல் வேலை, எஃப்பிஎஸ்ஸுக்கு உச்சவரம்பு வைப்பது. ஏரின் திரை நொடிக்கு 60 படம்தான் காட்டும். ஆனால் சில ஆட்டங்கள் ஒன்றுமே அசையாத தலைப்புப் பக்கத்தில்கூட நொடிக்கு நூற்றுக்கணக்கில் வரைந்து தள்ளும். பார்க்க ஆளில்லாத படத்துக்கு எதற்குச் சூடு? ‘வி-சிங்க்’ போட்டால் 60-இல் நிற்கும். கனமான ஆட்டம் என்றால் 30-இல் நிறுத்துங்கள். ஒரேயடியாக 30 என்று நிலையாக ஓடுவது, 60-க்கும் 35-க்கும் நடுவே ஊஞ்சலாடுவதைவிடக் கண்ணுக்கு இதம்.

இரண்டாவது, ரெசல்யூஷன். எம்1 ஏரின் திரையில் 2560 க்கு 1600 புள்ளிகள். அதை 1280 க்கு 800 ஆக்கினால் வரைய வேண்டிய புள்ளி சரியாகக் கால்வாசி ஆகிறது. 13 அங்குலத் திரையில் கொஞ்சம் மங்கலாகத் தெரியும், பத்து நிமிடத்தில் கண் பழகிவிடும்.

மூன்றாவது, நிழல். ‘ஷேடோஸ்’ என்பதை ‘லோ’வில் வையுங்கள், பிரதிபலிப்பை அணைத்துவிடுங்கள். பொருள்களின் மேல் ஒட்டும் படமான ‘டெக்ஸ்சர்’ பெரும்பாலும் ரேம் சமாசாரம், அதை நடுவில் விட்டாலும் சூட்டில் பெரிய வித்தியாசம் வராது. சீட்டாட்டம் மாதிரி எளிய ஆட்டம் என்றால் மேக்கில் ‘லோ பவர் மோட்’ போட்டுவிட்டே ஆடலாம், வித்தியாசமே தெரியாது, மடியும் சுடாது.

படி 6: எங்கே வைத்து ஆடுகிறீர்கள்?

சுற்றியிருக்கும் காற்று 35 டிகிரிக்குள் இருக்கும்போது மேக்புக்கைப் பயன்படுத்தச் சொல்கிறது ஆப்பிள். சித்திரை வெயிலில் காரைக்குடியில் அந்தக் கோட்டைத் தாண்டாத மதியம் குறைவு. ஆகவே நேரத்தையும் இடத்தையும் பார்க்கத்தான் வேண்டும்.

மெத்தை, தலையணை, போர்வை மூன்றும் ஆகாது. பஞ்சு சூட்டை அடைத்து வைக்கும். எங்கள் வீட்டில் இதற்கு ஆத்தங்குடிக் கல்தான் மருந்து. சிமென்ட்டும் மணலும் சாயமும் சேர்த்துக் கண்ணாடி மேல் வார்த்து எடுக்கும் பூக்கல், கோடையிலும் வெறுங்காலுக்குச் சில்லென்று இருக்கும். அவனை ஊஞ்சலிலிருந்து இறக்கித் தரையில் உட்காரவைத்து, அதே பந்தயத்தை 30 வரம்பு, கால்வாசி ரெசல்யூஷனில் ஓட்டச் சொன்னேன். அரை மணி நேரம் கழித்தும் 30-இலேயே நின்றது. லேப்டாப்பைத் தூக்கிவிட்டுக் கல்லைத் தொட்டுப் பார்த்தான். லேப்டாப் இருந்த இடம் மட்டும் செவ்வகமாக வெதுவெதுப்பு, ஒரு சாண் தள்ளித் தொட்டால் பழைய குளிர்ச்சி.

டைல்ஸோ கிரானைட்டோ மர மேசையோ எதுவானாலும் சரி, கெட்டியான சமதளம் வேண்டும். டேபிள் ஃபேனைப் பக்கவாட்டில் வைத்துத் திருப்பிவிட்டால் இன்னும் நல்லது. சார்ஜ் ஏறும்போதும் சூடு உண்டாகும் என்பதால் முதலில் சார்ஜ் ஏற்றிக்கொண்டு, கழற்றிவிட்டு ஆடுங்கள். ஐஸ் பாக்கெட், ஈரத்துணி யோசனைகள் மட்டும் வேண்டவே வேண்டாம். குளிர்ந்த உலோகத்தில் காற்றின் ஈரம் நீராகப் படியும், உள்ளேயும் படியும்.

கடைசியில் பந்தயத்தை அவனே அழித்துவிட்டு பலாட்ரோ வாங்கினான். போக்கர் சீட்டை வைத்துப் புள்ளி சேர்க்கிற ஆட்டம், நிஜக் காசுக்கு அதில் வேலையில்லை. ஃபேன் சத்தமும் இல்லாததால் பட்டாலையில் வீட்டுப் பெரியவர் ஐயா தூங்கிக்கொண்டிருக்க, பக்கத்திலேயே இரண்டு மணி நேரம் ஆடியிருக்கிறான். ஐயா விழித்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டு திரையைப் பார்த்தார். ராஜாவும் ராணியும் வரிசையாக நிற்கிறார்கள்.

"சீட்டாடுறியா? காசு வச்சா?"

"இல்லைங்கய்யா, சும்மாதான்."

"பெறகு என்னத்துக்கு ஆடுற?" என்று கேட்டுவிட்டுத் திரும்பிப் படுத்துக்கொண்டார்.