செலவின் சதவீதம்: கணக்கு எங்கே பிசகுகிறது?

செலவான தொகையை மொத்தத் தொகையால் வகுத்து நூறால் பெருக்கினால் சதவீதம் கிடைக்கும் என்பது பள்ளியில் படித்த எல்லோருக்கும் தெரிந்ததுதான். ஆனாலும் வீட்டு வரவு செலவை எழுதும்போது கணக்கு அடிக்கடி பிசகுகிறது. எதை மொத்தம் என்று வைத்துக்கொள்கிறோம் என்பதில் தெளிவில்லாததே பெரும்பாலும் அதற்குக் காரணம்.

கையில் 40,000 ரூபாய் சம்பளம் வாங்குபவர் வாடகையாக 12,000 ரூபாய் கொடுத்தால், அது 30 சதவீதம். அந்த 12,000 ரூபாயை, வாடகை போக மீந்த 28,000 ரூபாயால் வகுத்துவிட்டால் ஏறக்குறைய 43 சதவீதம் என்று வரும். பி.எஃப். முதலிய பிடித்தங்களுக்கு முந்தைய சம்பளம் 46,000 ரூபாய் என்றால், அதைக் கொண்டு வகுக்கும்போது 26 சதவீதமாகக் குறையும். பிடித்தத்துக்கு முந்தைய தொகையை எடுத்துக்கொள்வது தவறில்லை. ஒரு மாதம் அதையும் மறு மாதம் கைக்கு வந்ததையும் வைத்துக் கணக்கிட்டு, இரண்டையும் ஒப்பிடுவதுதான் தவறு.

அடிப்படைத் தொகை வேறு வேறாக இருக்கும் சதவீதங்களைக் கூட்டுவதும் கூடாது. சீட்டு எடுத்த ஒரு லட்சம் ரூபாயில் 30 சதவீதம் பள்ளிக் கட்டணத்துக்கும், மீதியில் 20 சதவீதம் நகைக்கடன் வட்டிக்கும் போனால், பாதிப் பணம் தீர்ந்துவிட்டதாகத் தோன்றும். உண்மையில் செலவானது 30,000 ரூபாயும் 14,000 ரூபாயும், அதாவது 44 சதவீதம்தான். சராசரி எடுக்கும்போதும் இதே சிக்கல் உண்டு. கணவர் தம் 40,000 ரூபாயில் 50 சதவீதமும் மனைவி தம் 60,000 ரூபாயில் 80 சதவீதமும் செலவிட்டால், குடும்பச் செலவு 65 சதவீதம் அல்ல; 68,000 ரூபாய் செலவாகியிருப்பதால் 68 சதவீதம்.

கடை பில்லிலும் இதைக் கவனிக்க வேண்டும். 18 சதவீத ஜிஎஸ்டி சேர்த்து 5,900 ரூபாய்க்கு ஒரு பொருளை வாங்கியவர், வரியை அறிய 5,900-க்கு 18 சதவீதம் போட்டால் 1,062 என்று வரும். வரி விதிக்கப்படுவது வரி சேர்க்காத விலையான 5,000 ரூபாய்க்கு என்பதால் சரியான வரி 900 ரூபாய். கொடுத்த மொத்தப் பணத்தில் அது 15.25 சதவீதமே.

எனக்கு மிகவும் கவலை தருவது, சதவீதம் குறைந்ததைக் கண்டு செலவே குறைந்துவிட்டதாக எண்ணும் வழக்கம். மத்திய அரசின் குடும்ப நுகர்வுச் செலவு ஆய்வின்படி, கிராமப்புறங்களில் ஒரு நபரின் மாதச் செலவில் உணவின் பங்கு 2011-12-இல் 52.9 சதவீதமாக இருந்து, 2022-23-இல் 46.38 சதவீதமாகக் குறைந்தது. இதே காலத்தில் மொத்த மாதச் செலவு 1,430 ரூபாயிலிருந்து 3,773 ரூபாயாக உயர்ந்தது. பெருக்கிப் பார்த்தால், உணவுக்கான தொகை சுமார் 756 ரூபாயிலிருந்து 1,750 ரூபாயாகக் கூடியிருப்பது தெரியும். விலைவாசி உயர்வும் இதில் அடங்கும் என்பது வேறு விஷயம். மேலும், 52.9 என்பது 46.38 ஆனதை 6.5 சதவீதம் குறைந்தது என்று எழுதுவதும் பிழை. குறைந்திருப்பது 6.5 சதவீதப் புள்ளிகள், அதாவது இரண்டு சதவீதங்களுக்கும் இடையிலான நேர் வித்தியாசம். பழைய பங்கோடு ஒப்பிட்டால் அது 12 சதவீதத்துக்கும் மேற்பட்ட சரிவு.

ஆகவே வீட்டுக் கணக்கு நோட்டில் சதவீதத்தை மட்டும் எழுதாமல், அதன் பக்கத்திலேயே செலவான ரூபாயையும், எந்தத் தொகையால் வகுத்தோம் என்பதையும் குறித்து வைப்பது அவசியம்.